அவோய்: ஒரு ஜப்பானியப் பெயரும் அதற்குள் இருக்கும் செடிகளும்

ஜப்பானில் பெண் குழந்தைக்கு அவோய் என்று பெயர் சூட்டும் பெற்றோரிடம் அதன் பொருளைக் கேட்டால், ‘சூரியனை நோக்கித் திரும்பும் செடி’ என்ற விடையே பெரும்பாலும் கிடைக்கும். பெயர்க் கையேடுகளும் இதையே சொல்கின்றன. ஆனால் கியோட்டோ நகரில் ஆண்டுதோறும் மே 15 அன்று நடைபெறும் அவோய் திருவிழாவில் ஊர்வலத்தினர் சூடிக்கொள்ளும் அவோய் இலையோ, மரநிழலில் ஈர மண்ணைப் பற்றிப் படரும் ஒரு சிறு செடியின் இலை. அந்தச் செடி சூரியனைத் தேடித் திரும்புவதில்லை. நேர் வெயில் பட்டால் வாடிப்போகும். பெயரின் பொருள் ஒரு செடியிலிருந்தும், பெயரின் பெருமை வேறொரு செடியிலிருந்தும் வந்திருக்கின்றன. அவ்விரண்டும் ஒரே தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தவைகூட அல்ல.

முதலில் உச்சரிப்பு. இப்பெயரில் அ, ஒ, இ என்னும் மூன்று உயிர்கள், ஒவ்வொன்றும் ஒரு மாத்திரை அளவில், தனித்தனியே ஒலிக்கின்றன. உயிர்கள் அடுத்தடுத்து நின்றால் இடையில் உடம்படுமெய் இடுவது தமிழின் இயல்பாதலால், நாம் அவோய் என்று எழுதுகிறோம். விந்தை என்னவென்றால், ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் இச்சொல்லின் இடையில் மெய்கள் உண்மையிலேயே இருந்தன. ஹியான் காலத்தில் இதன் ஒலி ‘அஃபுஃபி’ என்பதற்கு நெருக்கமானது. ஜப்பானிய மொழியில் சொல்லின் நடுவே வரும் ஃபகரம் காலப்போக்கில் தளர்ந்து வகரமாகி, பிறகு பெரும்பாலான இடங்களில் மறைந்தே போயிற்று. அந்தப் பொது மாற்றத்தில் இச்சொல்லின் மெய்களும் உதிர்ந்தன. நடுவில் நின்ற உகரம் ஒகரமாகத் திரிந்தது.

நீலத்தையும் பச்சையையும் ஒருசேரக் குறிக்கும் பண்புச்சொல்லும் இன்று இதே ஒலியைத்தான் கொண்டிருக்கிறது. பழைய மொழியில் அது ‘அவோகி’. அதில் ககரம் உதிர்ந்தது, வகரமும் உதிர்ந்தது. எஞ்சியதும் அ-ஒ-இ தான். செடிப்பெயரும் நிறப்பெயரும் வெவ்வேறு இடங்களில் புறப்பட்டு, வெவ்வேறு மெய்களை இழந்து, ஒரே ஒலியில் வந்து சேர்ந்திருக்கின்றன. ஒலி ஒன்றான பிறகும், ஒலியை மட்டும் காட்டும் ஜப்பானிய அசையெழுத்தில் இரண்டையும் பழைய முறைப்படி வேறுபடுத்தியே எழுதிவந்தார்கள். 1946-ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தத்திற்குப் பின்புதான் எழுத்திலும் இரண்டும் ஒன்றாயின. இன்று ஆண் குழந்தைகளுக்கும் இப்பெயர் தாராளமாக வைக்கப்படுவதற்கு இந்தச் சேர்க்கை ஒரு முக்கியக் காரணம்: பெயரைப் பொருள் உணர்த்தும் சீன எழுத்தில் எழுதும்போது, மகனுக்கு வைப்பவர்கள் பலர் செடிக்குரிய எழுத்தை விட்டுவிட்டு, கடலின் நீலப்பச்சையைக் குறிக்கும் எழுத்தை எடுத்துக்கொள்கிறார்கள்.

பழைய ஒலியில் இன்னொரு வாய்ப்பும் இருந்தது. ‘அஃபு’ என்றால் சந்தித்தல். ‘ஃபி’ என்றால் நாள். ஆகவே செடியின் பெயரைச் சொன்னாலே ‘சந்திக்கும் நாள்’ என்ற பொருளும் காதில் விழும். 8-ஆம் நூற்றாண்டில் தொகுக்கப்பட்ட மன்யோஷூ என்னும் பெருந்தொகையின் 16-ஆம் தொகுதியில் உள்ள ஒரு சிறு பாடல் இதை அழகாகக் கையாள்கிறது. பேரி, இலந்தை, பனிவரகு, தினை, பிரிந்து படர்ந்து மீண்டும் கூடும் ஒரு கொடி, கடைசியில் அவோய் மலர் என்று அது ஆறு தாவரங்களை வரிசையாகச் சொல்லிச் செல்கிறது. மேலோட்டமாகப் பார்த்தால் தாவரப் பட்டியல். ஆனால் பனிவரகின் பெயரில் ‘நீ’யும், தினையின் பெயரில் ‘சந்திப்பு’ம், அவோயின் பெயரில் ‘சந்திக்கும் நாள்’உம் ஒளிந்திருப்பதால், கேட்பவருக்கு அது பிரிந்த காதலரின் வாக்குறுதியாகிவிடுகிறது. சிலேடையில் ஊறிய தமிழ் வாசகருக்கு இந்தச் சுவையை விளக்கத் தேவையில்லை. பின்னாளில், திருவிழா நாளில் அவோய் இலையோடு பாட்டெழுதி அனுப்புவது அரசவையில் காதல் தூதாகவே வழங்கியது.

அந்தப் பாடலில் வரும் அவோய் எந்தச் செடி? ‘குளிர்கால அவோய்’ என்று இன்று அழைக்கப்படும் கீரைச்செடி என்பதே பெரும்பாலோர் கருத்து. இது மால்வா பேரினத்தைச் சேர்ந்தது. நம் துத்தி, பருத்தி, வெண்டை, பூவரசு, செம்பருத்தி எல்லாம் அடங்கிய குடும்பம் இதுதான்; வேலியோரத் துத்தியைக் கண்டவர்கள் இதன் இலை அமைப்பை எளிதில் ஊகிக்கலாம். பண்டைச் சீனாவில் இது முதன்மையான கீரைகளுள் ஒன்று; கொரியாவில் இன்றும் இதன் இலையைச் சூப்பாகக் காய்ச்சுகிறார்கள். இலைகள் சூரியனோடு திரும்புவதைச் சீனர்கள் வெகு காலத்திற்கு முன்பே கவனித்திருந்தார்கள். ‘அவோயும் அவரையிலையும் கதிரவன் பக்கம் சாயும்’ என்பது அரசனிடம் மாறா விசுவாசத்தைக் குறிக்கும் வழக்காகச் சீன இலக்கியத்தில் நிலைபெற்றது. அந்தச் செடிக்குரிய சீன எழுத்தைத்தான் ஜப்பானியர்கள் தங்கள் அஃபுஃபிக்கு எடுத்துக்கொண்டார்கள். பன்னிரண்டு கோடுகளால் ஆன அந்த எழுத்தின் மேற்பகுதி புல்பூண்டு வகையைக் குறிக்கிறது; கீழ்ப்பகுதி சீன ஒலியைக் காட்டுவதற்காக வைக்கப்பட்டது. கீழ்ப்பகுதியிலேயே சூரியன் இருப்பதுபோல் விளக்கும் பெயர்ப்பலன்களை நான் நம்புவதில்லை.

இலை திரும்புவது மட்டும் கற்பனை அல்ல. மால்வா குடும்பத்துச் செடிகள் சிலவற்றில் இலைக்காம்பு இலைத்தகட்டோடு சேரும் இடத்தில் சற்றுத் தடித்த ஒரு பகுதி இருக்கிறது. இலைமூட்டு என்று இதை வைத்துக்கொள்ளலாம். மூட்டின் ஒரு பக்கத்துச் செல்களுக்குள் பொட்டாசியம் அயனிகள் புகும்போது பின்னாலேயே நீரும் புகுந்து அவை விறைக்கின்றன. எதிர்ப்பக்கத்துச் செல்கள் அயனிகளை வெளியேற்றி, நீரை இழந்து, தளர்கின்றன. விறைத்த பக்கம் தள்ள, தளர்ந்த பக்கம் இடங்கொடுக்க, இலைத்தகடு திரும்புகிறது. இது வளர்ச்சியால் நிகழும் அசைவு அல்ல. ஆகவே நாள்தோறும் திரும்பத் திரும்ப நிகழ முடிகிறது. ஒளி வரும் திசையை உணர்வது மூட்டிலிருந்து விரல்கள்போல் விரியும் முதன்மை நரம்புகள். நீல ஒளி எந்த நரம்பின் வழியே, எந்தக் கோணத்தில் விழுகிறது என்பதைப் பொறுத்து மூட்டின் எந்தப் பக்கம் விறைக்க வேண்டும் என்பது முடிவாகிறது. மத்தியதரைக் கடற்பகுதியில் வளரும் லவத்தேரா என்னும் உறவுச்செடியை ஆராய்ந்தவர்கள் இன்னொன்றையும் கண்டார்கள்: மாலையில் மேற்கு நோக்கி நின்ற இலை, இருட்டிலேயே திரும்பி, விடியுமுன் கிழக்கு முகமாகக் காத்திருக்கிறது. முந்தைய நாள் சூரியன் உதித்த திசையின் பதிவு இலைக்குள் எஞ்சியிருந்தால் அன்றி இது நடக்காது. சூரியன் தாழ்ந்து நிற்கும் காலையிலும் மாலையிலும் இலை ஒளிக்கு நேராக முகம் காட்டுவதால் ஒளிச்சேர்க்கை கூடுகிறது. பகல் குறுகிய குளிர்காலத்தைத் தாண்ட வேண்டிய செடிக்கு அது சிறிய ஆதாயம் அல்ல.

இனிக் கியோட்டோவின் செடி. அதன் முழுப்பெயர் ஃபுதபா அவோய், அதாவது ஈரிலை அவோய். இது நம் ஆடுதீண்டாப்பாளையின் குடும்பத்தைச் சேர்ந்தது. தரையோடு ஊரும் தண்டின் நுனியில் இதய வடிவில் இரண்டு இலைகள் எதிரெதிராக விரியும். அவ்விரண்டுக்கும் நடுவிலிருந்து ஒரே ஒரு பூ தலைகவிழ்ந்து தொங்கும். மங்கிய செவ்வூதா நிறமுள்ள அந்தப் பூவைக் காண வேண்டுமென்றால் மண்டியிட்டு இலையை விலக்கித்தான் பார்க்க வேண்டும். பூவின் மூன்று இதழ்களும் வெளிப்புறமாக மடங்கி ஒட்டிக்கொள்வதால், கவிழ்த்த கிண்ணம்போல் இருக்கும். இலையின் வடிவம் மால்வாவின் இலையை ஓரளவு ஒத்திருப்பதைத் தவிர இவ்விரண்டிற்கும் வேறு தொடர்பு இல்லை. பழங்காலத்தில் செடிகளுக்குப் பெயரிட்டவர்கள் பூவின் உறுப்புகளை எண்ணிப் பார்க்கவில்லை, இலையைப் பார்த்தார்கள். சூஷியோடு பரிமாறப்படும் வசாபியைச் சீன எழுத்தில் ‘மலை அவோய்’ என்று எழுதுவதும் இதே காரணத்தால்தான். அதுவோ கடுகுக் குடும்பம்.

இந்த நிழற்செடி காமோ கோயில்களின் புனிதச் செடி. கமிகாமோ, ஷிமொகாமோ என்னும் இவ்விரு கோயில்களின் விழா பழைய தலைநகரின் மிகப் பெரிய விழாவாக இருந்து, 15-ஆம் நூற்றாண்டின் ஓனின் போருக்குப் பின் நின்றுபோய், 1694-இல் மீண்டும் தொடங்கியது. அவோய் திருவிழா என்ற பெயர் பரவியது அதன் பிறகுதான். ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் ஹியான் கால உடையில், தலையணிகளில் அவோய் இலையும் கட்சுரா மரத்தின் கொப்பும் செருகி, அரண்மனையிலிருந்து கோயில்களுக்கு நடந்து செல்கிறார்கள்.

தொக்குகவா குலம் 1603-இல் ஆட்சியைப் பிடித்தபோது அதன் இலச்சினையாக விளங்கியதும் இந்த அவோய் இலையே. ஆனால் இலச்சினையில் வட்டத்திற்குள் மூன்று இலைகள் நுனிகூடி நிற்கின்றன. செடியில் இருப்பவை இரண்டு. ஒரு தண்டில் மூன்று இலை இயல்பாக வருவதில்லை. வட்டத்தை நிரப்ப வேண்டிய ஓவியனின் வசதிக்காக மூன்றாவது இலை பிறந்தது எனலாம். 1723-இல் அனுமதியின்றி இந்த இலச்சினையைப் பயன்படுத்துவதற்குத் தடை விதிக்கப்பட்டது. அவோய் என்றாலே ஜப்பானியர் மனத்தில் இன்றும் ஒரு கம்பீரம் தோன்றுகிறதென்றால், அது சூரியனிடமிருந்து வந்ததைவிட இந்த இலச்சினையிடமிருந்து வந்தது அதிகம் என்றே எனக்குத் தோன்றுகிறது.

இன்றைய நகரவாசியிடம் அவோய் எது என்று கேட்டால், அவர் இவ்விரண்டையும் விட்டுவிட்டு, தெருவோரத்தில் ஆள் உயரத்திற்கு நிமிர்ந்து நிற்கும் ‘நிற்கும் அவோய்’ செடியைக் காட்டக்கூடும். சீனா வழியாக வந்த இதுவும் மால்வா குடும்பமே. அடியிலிருந்து மேல்நோக்கி வரிசையாகப் பூத்து ஏறும் இதன் உச்சிப்பூ மலர்ந்தால் மழைக்காலம் முடிந்தது என்பது வழக்கு. வெண்டைக்கு மிக நெருங்கிய தொரொரோ அவோய் என்பதும் உண்டு. அதன் வேரை நசுக்கி எடுக்கும் கொழகொழப்பான சாற்றைக் கலந்தால் காகிதக்கூழின் இழைகள் தொட்டியின் அடியில் படியாமல் மிதக்கின்றன, சல்லடையில் நீர் மெல்ல வடிகிறது. ஜப்பானின் கைவினைக் காகிதம் மெல்லியதாகவும் உறுதியாகவும் அமைவதற்கு இந்த வேர்ச்சாறு துணை.

இவ்வளவு பழைய சொல், குழந்தைப் பெயராக எழுதப்பட்ட வரலாறு மட்டும் புதியது. 1948-இல் நடைமுறைக்கு வந்த குடும்பப் பதிவுச் சட்டம், குழந்தையின் பெயரில் எளிய, பொதுவழக்கில் உள்ள எழுத்துகளே இருக்க வேண்டும் என்றது. எவை எளியவை என்பதற்கு 1946-இல் அரசு வெளியிட்ட 1,850 சீன எழுத்துகளின் பட்டியலே அளவுகோலாயிற்று. அதில் அவோய்க்குரிய எழுத்து இல்லை. 1951-இல் பெயர்களுக்கென்றே 92 எழுத்துகளைச் சேர்த்தபோதும் அது இடம்பெறவில்லை. அக்காலத்தில் மகளுக்கு அவோய் என்று பெயரிட விரும்பியவர்கள் அசையெழுத்தில்தான் எழுதிப் பதிய வேண்டியிருந்தது. 1976-இல் மேலும் 28 எழுத்துகள் சேர்க்கப்பட்டபோது அவோய்க்கும் வழி திறந்தது. அந்தச் சிறு பட்டியலைப் படித்தால் இயற்கையின் மீது மக்களுக்கு இருந்த ஏக்கம் தெரியும்: சிவப்புச் சாயம் தரும் மஞ்சிட்டி இனக் கொடி, நீலச் சாயம் தரும் செடி, பேரி, மரத்தின் உச்சிக்கிளை, கடற்கரை, ஆற்றுமீன் ஆயு, வல்லூறு எல்லாம் அதில் உண்டு. பின்னாளில் மெய்ஜி யசுதா ஆயுள் காப்பீட்டு நிறுவனம் ஆண்டுதோறும் வெளியிடும் பெயர் வரிசையில், 2015-இலும் 2016-இலும் பெண் குழந்தைகளின் பெயர்களுள் இந்த ஒற்றை எழுத்து முதலிடம் பிடித்தது. 2023-இல் ஆண் குழந்தைகளின் வரிசையில் முதலிடம் பெற்றது நீலப்பச்சையைக் குறிக்கும் எழுத்து. அதையும் அவோய் என்று வாசிப்பவர்கள் உண்டு.

அந்த வரிசையில் 2019-இலும் 2020-இலும் பெண்களில் முதலாவதாக வந்த பெயர் ஹிமரி. வெயிலைக் குறிக்கும் எழுத்தையும் அவோய் எழுத்தையும் சேர்த்து இதை எழுதுகிறார்கள். 17-ஆம் நூற்றாண்டில் ஜப்பானுக்கு வந்த சூரியகாந்திக்கு ‘சூரியனை நோக்கும் அவோய்’ என்ற சீன எழுத்துகளை எடுத்துக்கொண்டு ஹிமவரி என்று வாசித்தார்கள். அந்தச் சொல்லில் ஓர் அசையைக் கழித்ததுபோல் ஒலிக்கிறது ஹிமரி. சூரியகாந்திக்கு மால்வாவின் இலைமூட்டு கிடையாது. இளஞ்செடியின் தண்டு பகலில் கிழக்குப் பக்கமும் இரவில் மேற்குப் பக்கமும் கூடுதலாக வளர்வதால் அதன் தலை திரும்புகிறது. வளர்ச்சி நின்று பூ முதிர்ந்ததும் திரும்புவதும் நின்று, கிழக்கு முகமாகவே நிலைக்கிறது. 2016-இல் கலிஃபோர்னியா ஆய்வாளர்கள் வெளியிட்ட கட்டுரையின்படி, கிழக்கு நோக்கிய பூக்கள் காலையில் விரைவாகச் சூடேறி, மேற்கு நோக்கித் திருப்பி வைக்கப்பட்டவற்றைவிட ஐந்து மடங்கு அளவுக்கு மகரந்தப் பூச்சிகளை ஈர்த்தன.

அவோய் எழுத்தைப் பார்த்து ‘மரி’ என்று வாசிக்க எந்த அகராதியும் சொல்லித்தரவில்லை. இருந்தும் இப்படிப்பட்ட பெயர்கள் தடையின்றிப் பதிவாயின. ஏனெனில் குடும்பப் பதிவேட்டில் எழுத்துக்குத்தான் இடம் இருந்தது, வாசிப்புக்கு இல்லை. 2025 மே 26 முதல் வாசிப்பையும் பதிவேட்டில் சேர்க்கிறார்கள். பிறந்து 14 நாள்களுக்குள் கொடுக்க வேண்டிய படிவத்தில் பெற்றோர் எழுதும் வாசிப்பு, பொதுவாக ஏற்கத்தக்கதாக இருக்க வேண்டும். எழுத்தின் வழக்கமான வாசிப்பில் ஒரு பகுதியை மட்டும் எடுத்தாளும் பழக்கம் அனுமதிக்கப்படுகிறது. உயரத்தைக் குறிக்கும் எழுத்தைத் ‘தாழ்வு’ என்று வாசிப்பதுபோல் பொருளுக்கு நேர் எதிராகப் போவது அனுமதிக்கப்படுவதில்லை. வழக்கத்திற்கு மாறான வாசிப்பை எழுதுபவர்கள் அதற்கு விளக்கமும் தர வேண்டியிருக்கலாம்.