சான்றிதழ் இல்லை என்று சீட்டை மறுத்தால்: டெல்டா பிள்ளைகளுக்கு ஒரு விளக்கம்

ஒவ்வொரு வருஷமும் மே, ஜூன் வந்தால் மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி பக்கத்து இ-சேவை மையங்களில் பிளஸ் டூ முடித்த பிள்ளைகளும் பெற்றோரும் நிற்பதைப் பார்க்கலாம். அதே சமயத்தில்தான் தாலுகா ஆபீஸில் ஜமாபந்தி நடக்கும். வி.ஏ.ஓ., ஆர்.ஐ. எல்லாரும் கிராமக் கணக்குகளோடு அங்கே இருப்பார்கள், சான்றிதழ் கேட்ட நம் மனு அப்படியே கிடக்கும். மார்க் இருந்தும் ஒரு தாள் வந்து சேராததால் சீட் போவதை என்னால் ஏற்க முடியவில்லை, அதனால்தான் தெரிந்ததை எழுதுகிறேன்.

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது ஓ.பி.சி. (மத்திய அரசுக் கணக்கில் இதர பிற்படுத்தப்பட்டோர்) சான்றில். நம்மிடம் இருக்கும் பி.சி., எம்.பி.சி. நிரந்தர சாதிச் சான்றிதழ் மாநில அரசின் பொறியியல் கவுன்சலிங்குக்குப் போதும். திருச்சி என்.ஐ.டி.யிலோ திருவாரூர் மத்தியப் பல்கலைக்கழகத்திலோ ஓ.பி.சி. இடம் கேட்டால் அது செல்லாது. கிரீமி லேயரில் (பிற்படுத்தப்பட்டோரில் வசதி படைத்த பிரிவில்) இல்லை என்று மத்திய அரசுப் படிவத்தில் தனிச் சான்று வேண்டும், என்.ஐ.டி. சேர்க்கைக்கு அது அந்த ஆண்டு ஏப்ரல் 1-க்குப் பிறகு வாங்கியதாகவும் இருக்க வேண்டும். வருமான வரம்பு 2017 முதல் 8 லட்சம் ரூபாய். இங்கே விவசாயக் குடும்பங்கள் கவனிக்க வேண்டியது, அந்த 8 லட்சத்தில் விவசாய வருமானமும் சம்பளமும் சேராது (நிலத்தின் அளவுக்கும் பெற்றோர் பார்க்கும் பதவிக்கும் தனி விதி உண்டு). நெல் விற்ற பணத்தையும் கூட்டி எழுதிக் கொடுத்து, சான்று கிடைக்காமல் திரும்பியவர்களைப் பார்த்திருக்கிறேன்.

சரி, தேதிக்குள் சான்று வரவில்லை, சீட்டை மறுத்துவிட்டார்கள். கோர்ட் என்ன சொல்லும்? ஒரே பதில் கிடையாது. 1980-இல் கேரள மருத்துவ மேற்படிப்புச் சேர்க்கை பற்றிய சார்லஸ் ஸ்கேரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தகுதியையும் தகுதிக்கான ஆதாரத்தையும் பிரித்துப் பார்த்தது. கடைசித் தேதிக்குள் டிப்ளமா தேறியிருக்க வேண்டும், அதைக் காட்டும் தாள் சேர்க்கைக்கு ஆட்களைத் தேர்ந்தெடுப்பதற்குள் வந்தால் போதும் என்றது. 2005-இல் ஒரிசா மருத்துவச் சேர்க்கை வழக்கு ஒன்று. முன்னாள் படைவீரரின் மகளுக்கு அதிகாரிகள் முதலில் தந்த சான்று பிழையானது, திருத்திய சான்று பிறகுதான் வந்தது. அவருக்கு இடம் தரச் சொல்லி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. இந்த இரண்டும் நம் பக்கம் நிற்கும் தீர்ப்புகள்.

ஆனால் இதையே நம்பி அசட்டையாக இருக்கக் கூடாது. 2023-இல், குடிமைப் பணித் தேர்வில் பொருளாதாரத்தில் பின்தங்கியோர் இடம் கேட்டவர்கள் வழக்கில் அதே நீதிமன்றம், விதியில் சொன்ன படிவத்தில் சொன்ன தேதிக்குள் சான்று கையில் இருந்தே ஆக வேண்டும் என்று கறாராகச் சொல்லிவிட்டது. அது வேலைக்கான தேர்வுதான், இருந்தாலும் கல்லூரித் தரப்பு வக்கீல் அதைத்தான் முதலில் எடுத்து நீட்டுவார். அதனால் தகவல் குறிப்பேட்டில் "இந்தத் தேதிக்குள் பெற்ற சான்று" என்று இருக்கிறதா, "சமர்ப்பிக்க வேண்டும்" என்று மட்டும் இருக்கிறதா என்பதை வரி வரியாகப் படியுங்கள், வழக்கின் போக்கே அதில் மாறலாம்.

அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்கான 7.5 சதவீத ஒதுக்கீட்டை 2022-இல் சென்னை ஹைகோர்ட்டும் உறுதி செய்துவிட்டது. அதற்கு ஆறு முதல் பன்னிரண்டு வரை அரசுப் பள்ளியில் படித்ததற்குச் சான்று தேவை. நடுவில் பள்ளி மாறியிருந்தால் ஒவ்வொரு பள்ளியிலும் போய் வாங்க வேண்டியிருக்கும், லீவுக்கு முன்பே அலைந்துவிடுங்கள்.

ஒரிஜினலைப் பிடித்து வைத்துக்கொண்டு வேறு கல்லூரிக்குப் போகவிடாமல் செய்வதும் நடக்கிறது. பல்கலைக்கழக மானியக் குழுவான யு.ஜி.சி. 2018 அக்டோபரிலேயே இதற்குத் தடை போட்டுவிட்டது, சேர்க்கையின்போது சரிபார்த்துவிட்டு ஒரிஜினலைக் கையோடு திருப்பித் தர வேண்டும். ஃபீஸ் பாக்கிக்காகச் சான்றிதழை அடகுபோல வைக்க முடியாது என்று சென்னை ஹைகோர்ட் பலமுறை சொல்லியிருக்கிறது. 2024 ஜூலையில், டி.சி. ஃபீஸ் வசூலிக்கும் கருவி இல்லை என்றும் சொன்னது.

மறுத்தால் செய்ய வேண்டியது, காரணத்தை எழுத்தில் கேட்பது. வாயால் சொன்னதை வைத்து வழக்கு நிற்காது, எழுதித் தர மாட்டோம் என்றால் அன்றைக்கே ஈமெயில் போடுங்கள். இ-சேவையில் விண்ணப்பித்த ரசீதைப் பத்திரமாக வையுங்கள், நீங்கள் தேதிக்கு முன்பே கேட்டீர்கள், தாமதம் ஆபீஸில்தான் என்று காட்ட அதுதான் ஆதாரம். தள்ளிப்போடவும் வேண்டாம். தன் தவறு இல்லாமல் எம்.பி.பி.எஸ். இடம் இழந்தவர்களுக்கு நிவாரணம் பற்றி 2019-இல் தீர்ப்புச் சொன்ன உச்ச நீதிமன்றம், உடனே கோர்ட்டுக்கு வந்தாரா என்பதையும் ஒரு நிபந்தனையாக வைத்தது.

வக்கீலுக்குக் காசில்லை என்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100-க்கு அழையுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவசம். அப்புறம், ரிட் மனு (ஹைகோர்ட்டில் நேரடியாகப் போடும் மனு) போடும் ஊர். தஞ்சாவூர், திருச்சி மாவட்டத்தார் மதுரைக் கிளைக்கும், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டத்தார் சென்னைக்கும் போக வேண்டும். கும்பகோணத்துக்காரர் மதுரை பஸ்ஸும் கொரடாச்சேரிக்காரர் சென்னை ரயிலும் பிடிக்க வேண்டும், இது தெரியாமல் ஒரு நாளை வீணாக்காதீர்கள்.