உப்பை ஜாடியில் குறைக்காதீர்கள்

பெங்களூர் அல்சூரில் என் கிளினிக்குக்கு வரும் ஒரு அம்மா, போன மாதம் கைப்பையிலிருந்து ஒரு கண்ணாடி பாட்டிலை எடுத்து மேஜையில் வைத்தார். மகள் வெளிநாட்டில் ருசி கண்ட வெள்ளரி ஊறுகாய், வீட்டிலேயே போட்டதாம். பூண்டு, மிளகு, நடுவே ஒரு கொத்து சப்பசிகே சொப்பு. நம் பக்கம் சதகுப்பைக் கீரை என்போமே, அதுதான். மூடியைத் திறந்ததும் ஒரு வாடை. துண்டைத் தொட்டால் கொழகொழவென்று வழுக்கியது.

“வீட்டுக்காரருக்கு பிரஷர். உப்பைக் குறைக்கச் சொன்னது நீங்கதானே? பாதிதான் போட்டேன்” என்றார்.

சொன்னேன்தான். தட்டில் குறைக்கச் சொன்னேன், ஜாடியில் இல்லை.

வினிகர் ஊற்றாமல் புளிக்கவைக்கும்போது உப்புதான் காவல்காரன். லிட்டர் தண்ணீருக்கு சுமார் 50 கிராம் போட்டால் கெடுக்கும் கிருமிகள் அடங்கி, லாக்டிக் அமில பாக்டீரியா மேலோங்கும். தோசை மாவைப் புளிக்கவைக்கிறதே, அந்த இனம்தான். அமிலம் ஏறி பிஹெச் (புளிப்பு ஏற ஏறக் குறையும் அளவு) 4.6-க்குக் கீழே இறங்கிவிட்டால், உயிருக்கே ஆபத்தான பொட்டுலிச நஞ்சை உண்டாக்கும் கிருமி வளராது. உப்பு பாதியானால், அமிலம் வருமுன்பே வேண்டாததெல்லாம் குடியேறிவிடும். எடை மெஷினில் நிறுத்துப் போடுங்கள். ஒரு கரண்டி கல் உப்பும் ஒரு கரண்டி தூள் உப்பும் ஒரே எடை இல்லை.

காய் உப்புத் தண்ணீருக்குள் முங்கியே இருக்க வேண்டும். மேலே வெள்ளையாக ஆடை படிந்தால் அவ்வப்போது வழித்தெடுங்கள். தண்ணீர் கலங்கினால் பயமில்லை. பூ இருந்த முனையை மெல்லிசாக நறுக்கி எறிந்துவிடுங்கள், அதிலுள்ள நொதி காயை மெத்தென்று ஆக்கிவிடும். பெங்களூர் குளுமைக்கு மூன்று, நான்கு வாரம் ஆகும்.

வினிகரில் போடுபவர்கள் லேபிளைப் படியுங்கள். வெளிநாட்டுச் செய்முறைகள் 5 சதவீத வினிகரை வைத்து எழுதியவை. இங்கே பல பாட்டில்களில் 4 சதவீதம்தான். அதிலும் பாதிக்குப் பாதி தண்ணீர் சேர்த்தால் என்ன ஆகும்? புளிப்பு தாங்கவில்லையென்றால் சர்க்கரை போடுங்கள், தண்ணீர் வேண்டாம். 4 சதவீதத்தில் போட்டதை ஃப்ரிட்ஜில்தான் வைக்க வேண்டும். “மேலே நல்லெண்ணெய் ஊற்றிட்டா கெடாது” என்பதையும் நம்ப வேண்டாம். பொட்டுலிசக் கிருமிக்குக் காற்றில்லாத இடம்தான் பிடிக்கும்.

“கழுவி வதக்கிட்டா சாப்பிடலாமா?” என்று கேட்டார் அந்த அம்மா, பூண்டு விற்கிற விலையை நினைத்து. கூடாது என்றேன். சரி, ஊறுகாய் நன்றாக வந்தால் பிரஷர் உள்ள வீட்டுக்காரர் சாப்பிடலாமா? நாளுக்கு மொத்தமே 5 கிராமுக்குள் உப்பு என்கிறது உலக சுகாதார நிறுவனம். என்றைக்காவது ஒரு துண்டு, அன்றைக்கு அப்பளம் கிடையாது.

அந்த அம்மா யோசித்துவிட்டு, “அப்பளத்தை விடமாட்டாரே” என்றார்.