நீதிமன்ற அவமதிப்பு: சொல்லும் பொருளும்

கடலூரிலும் புதுச்சேரியிலும் 'கண்டெம்ப்ட் போட்டிருக்கிறோம்', அதாவது நீதிமன்ற அவமதிப்பு வழக்குத் தொடுத்திருக்கிறோம் என்று சொல்பவர்களில் பெரும்பாலோர் உத்தரவு வாங்கியும் பலன் கிடைக்காதவர்கள். ஓய்வூதிய நிலுவையைக் கொடுக்கச் சொல்லித் தீர்ப்பு வந்திருக்கும், பணம் வந்திருக்காது. இதில் யாரும் நீதிபதியை இழிவாகப் பேசவில்லை. பிறகு ஏன் 'அவமதிப்பு' என்கிறோம்?

கண்டெம்ப்ட் என்ற சொல்லின் வேர் லத்தீன். மதிக்காமல் புறக்கணிப்பது என்று பொருள். இங்கிலாந்தில் நீதிமன்றங்கள் அரசர் பெயரில் நடந்தன. உத்தரவுக்குப் பணியாதவர் அரசரையே மதிக்காதவர் ஆனார். அந்தக் கருத்துதான் இந்தியச் சட்டத்துக்கும் வந்தது.

1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இதை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தின் மாண்பைக் குலைப்பதும் நீதி நடப்பதில் குறுக்கிடுவதும் குற்றவியல் அவமதிப்பு. செய்தியில் பெரிதாக வருவது இதுதான். கடலூர் மாவட்டத்தில் பிறந்த, அப்போது கொல்கத்தா உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த கர்ணனுக்கு 2017இல் உச்ச நீதிமன்றம் ஆறு மாதச் சிறை விதித்தது. இந்தச் சட்டப்படி விதிக்கக்கூடிய அதிகபட்சச் சிறைத் தண்டனை அதுதான். அபராதம் 2,000 ரூபாய் வரை.

மற்றது உரிமையியல் அவமதிப்பு: தீர்ப்பையோ உத்தரவையோ நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியையோ வேண்டுமென்றே மீறுவது. அந்த 'வேண்டுமென்றே'யில்தான் பாதி வழக்கு நிற்கிறது. உத்தரவு பற்றித் தெரியவே தெரியாது என்றால் அவமதிப்பு ஆகாது. நிறைவேற்ற முடியாத நிலை உண்மையிலேயே இருந்தாலும் அப்படித்தான். ஆனால் 'மேல்முறையீடு போட்டிருக்கிறோம்' என்ற பதில் செல்லாது. தடை வாங்காதவரை உத்தரவு உத்தரவுதான். வயதானவர்களை இந்தப் பதில் சொல்லியே திருப்பி அனுப்புவது கொடுமை.

தமிழுக்கு வருவோம். 'அவ' வடமொழி முன்னொட்டு, தாழ்வைக் குறிக்கும். அவமானம், அவமரியாதை என்ற சொற்களிலும் இருக்கிறது. குற்றவியல் வகைக்கு 'அவமதிப்பு' சரியாகப் பொருந்துகிறது. உரிமையியல் வகைக்கு 'நீதிமன்ற ஆணை மீறல்' என்பதே என் தேர்வு. கேட்டவுடன் விஷயம் புரியும். சட்டத்தின் பெயரைக் குறிக்கும்போது மட்டும் பழைய சொல் இருக்கட்டும். ஆணையை நிறைவேற்றுவதை ஆங்கிலத்தில் சொல்லும் 'கம்ப்ளையன்ஸ்' என்பதற்குச் சிலர் 'இணக்கம்' என்று எழுதுகிறார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. இணக்கம் இரண்டு பேர் ஒத்துப்போவது. இங்கே நடப்பது ஆணையை நிறைவேற்றுவது. ஆணையை நிறைவேற்றியதாகத் தரும் 'கம்ப்ளையன்ஸ் ரிப்போர்ட்'டுக்கு 'நிறைவேற்றல் அறிக்கை' போதும்.

அப்புறம், நடைமுறையில் தெரிந்திருக்க வேண்டியவை. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கப்பட வேண்டும். கடலூருக்கும் புதுச்சேரிக்கும் உயர் நீதிமன்றம் சென்னையில்தான். அங்கே வாங்கிய உத்தரவு மீறப்பட்டால் அங்கேயே மனு போட வேண்டும். வழக்கு நடக்கும்போது உள்ளூர் உரிமையியல் நீதிமன்றம் கொடுத்த இடைக்கால இன்ஜங்ஷனை, அதாவது ஒன்றைச் செய்யாமல் தடுக்கும் உறுத்துக்கட்டளையை, ஒருவர் மீறினால் சென்னைக்குப் போகத் தேவையில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதி 2-ஏ படி அதே நீதிமன்றத்தில் மனு கொடுக்கலாம். மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யவும், மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையில் வைக்கவும் அந்த நீதிமன்றத்துக்கே அதிகாரம் உண்டு.