எந்த மாசம் வந்தாலும், எந்த பேப்பர் இல்லாட்டியும் ஸ்கூல்ல சேர்க்கணும்: கட்டாயக் கல்வி சட்டத்த நம்ம ஊருக்கு ஏத்த மாதிரி சொல்றேன்

பள்ளி செல்லா குழந்தைங்க கணக்கெடுப்புன்னு கல்வித்துறையோட வட்டார வள மையத்துல இருந்து டீச்சருங்க ஊருக்குள்ள வந்தா நம்ம தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டத்துல பென்னாகரம் பக்கம், அஞ்செட்டி பக்கம் இன்னைக்கும் சில வீட்ல புள்ளைய பின்பக்கமா அனுப்பிட்டு "இங்க யாரும் இல்லீங்க, எல்லாம் பாட்டி வீட்ல இருக்குது"ன்னு சொல்லிடறாங்க. கேட்டா கேஸ் போட்டுடுவாங்க, ரேஷன் கார்ட நிறுத்திடுவாங்கன்னு பயம். அந்த பயம் தேவையே இல்லன்னு சொல்லத்தான் இத எழுதறேன், ஏன்னா அந்த டீச்சர்கிட்ட பேரு குடுக்காம விட்டா நஷ்டம் நம்ம புள்ளைக்குத்தான்.

சட்டம் இதுதான். இலவச கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம், 2009ல பாஸ் ஆச்சு, 2010 ஏப்ரல் 1ல இருந்து நடைமுறைல இருக்கு. 6 வயசுல இருந்து 14 வயசு வரைக்கும் இருக்கற ஒவ்வொரு புள்ளைக்கும் 1ஆம் வகுப்புல இருந்து 8ஆம் வகுப்பு வரைக்கும் காசு வாங்காம பக்கத்து ஸ்கூல்ல படிப்பு குடுக்கணும். இதுல கட்டாயம்னு சொல்றது யாருக்குங்கறதுதான் பெரும்பாலான பேருக்கு தெரியாம இருக்கு. கட்டாயம் கவர்மெண்ட்டுக்கு. புள்ளைய சேர்க்கறது, தினமும் வர வைக்கறது, 8ஆவது முடிக்க வைக்கறது இது மூணும் அரசாங்கத்தோட பொறுப்புன்னு சட்டத்துலயே எழுதியிருக்கு. அப்பா அம்மாவுக்கும் புள்ளைய ஸ்கூல்ல சேர்க்கற கடமை இருக்குன்னு சட்டமும் சொல்லுது, அரசியலமைப்பும் சொல்லுது, ஆனா சேர்க்கலன்னா இவ்ளோ ஃபைன், இத்தன நாள் ஜெயில்னு இந்த சட்டத்துல பெத்தவங்களுக்கு ஒரு தண்டனையும் இல்ல. அதனால டீச்சருங்க வந்தா ஒளிய வேண்டாம், உக்கார வெச்சு பேசுங்க, புள்ள எங்க வேலைக்கு போகுதுன்னு கூட சொல்லுங்க, அவங்க வந்திருக்கறது புள்ளைய கூட்டிட்டு போயி படிக்க வைக்கத்தான்.

சரி வயசுக்கு வரேன். தமிழ்நாட்ல 1ஆம் வகுப்புக்கு ஜூலை 31 அன்னிக்கு 5 வயசு முடிஞ்சிருந்தா போதும். மத்திய அரசோட கேந்திரிய வித்யாலயாவுல மட்டும் 6 வயசு கேப்பாங்க, ரெண்டையும் போட்டு குழப்பிக்காதீங்க, நம்ம ஊரு அரசு ஸ்கூல்ல 5 தான். பர்த் சர்டிபிகேட் இல்லன்னா சேர்க்க முடியாதுன்னு யாராச்சும் சொன்னா அது சட்டப்படி தப்பு. வயசுக்கு ஆதாரம் இல்லங்கற காரணத்துக்காக எந்த புள்ளைக்கும் அட்மிஷன் மறுக்கக்கூடாதுன்னு 14ஆவது பிரிவு நேராவே சொல்லுது. ஆஸ்பத்திரி ரெக்கார்டு, நர்ஸ் அம்மா ரிஜிஸ்டர், அங்கன்வாடி ரிஜிஸ்டர் இதுல ஏதாச்சும் ஒண்ணு போதும், அதுவும் இல்லையா, பெத்தவங்க வயசு இதுதான்னு எழுதிக் குடுக்கற உறுதிமொழி போதும். மலை கிராமத்துல வீட்லயே பிரசவம் ஆன புள்ளைங்களுக்கு இது ரொம்ப முக்கியம். ஆதார் கார்டு இல்லன்னாலும் அதே கததான், ஸ்கூல் அட்மிஷனுக்கு ஆதார் கட்டாயம் இல்லன்னு சுப்ரீம் கோர்ட் 2018லயே சொல்லிடுச்சு. ஆனா ஒண்ணு, சேர்த்ததுக்கு அப்புறம் பர்த் சர்டிபிகேட்டும் சாதி சான்றும் மெதுவா எடுத்து வெச்சுக்கங்க, பின்னாடி ஸ்காலர்ஷிப்புக்கு, காலேஜுக்கு அலையற வேலை மிச்சம்.

இப்ப நம்ம மாவட்டத்துக்கே உரிய பிரச்சனை ஒண்ணு. ஊருல மழை இல்லன்னா குடும்பத்தோட பெங்களூருக்கு கட்டட வேலைக்கு, செங்கல் சூளைக்கு, திருப்பூருக்குன்னு கிளம்பிடறோம், புள்ளையும் கூடவே போயிடுது, அங்க ஒரு கன்னட ஸ்கூல்ல நாலு மாசம் உக்காந்துச்சோ இல்ல சைட்லயே தம்பிய பாத்துகிட்டு இருந்துச்சோ, திரும்ப கார்த்திகை மார்கழில ஊருக்கு வந்து ஸ்கூல்ல கேட்டா "இப்ப முடியாதும்மா, ஜூன்ல கூட்டிட்டு வா"ங்கறாங்க. அந்த ஆறு மாசத்துல புள்ள ஆடு மேய்க்க போயிடும், இல்லன்னா மல்லி பறிக்க போயிடும், ஜூன்ல அது திரும்ப வராது, இதுதான் நடக்குது. சட்டத்தோட 15ஆவது பிரிவு என்ன சொல்லுதுன்னா, வருஷ ஆரம்பத்துல சேர்க்கலன்னாலும் நடுவுல எப்ப வந்தாலும் சேர்க்கணும், லேட்டுன்னு சொல்லி திருப்பி அனுப்பக்கூடாது. நவம்பர்ல வந்தாலும் சரி, பொங்கல் முடிஞ்சு வந்தாலும் சரி. டிசி இல்லையேன்னு கேப்பாங்க. டிசி வர்றதுக்கு லேட் ஆகுதுங்கறதும் அட்மிஷன் மறுக்க காரணம் ஆகாதுன்னு 5ஆவது பிரிவுல இருக்கு, கேட்டதும் உடனே டிசி குடுக்கறது பழைய ஸ்கூல் ஹெட்மாஸ்டரோட வேலை. தனியார் ஸ்கூல்ல ஃபீஸ் பாக்கின்னு டிசிய பிடிச்சு வெச்சுகிட்டு இருக்காங்களா, 2024 ஜூலைல மெட்ராஸ் ஹைகோர்ட் அத பத்தி தெளிவா தீர்ப்பு குடுத்திருக்கு, டிசிங்கறது பாக்கி வசூல் பண்ற கருவி இல்ல, ஃபீஸ் கட்டலன்னு டிசில எழுதவும் கூடாது, புதுசா சேர்க்கற ஸ்கூல் டிசி வேணும்னு வற்புறுத்தவும் கூடாதுன்னு. இந்த ஒரு விஷயம் தெரியாம ஒரு வருஷம் வீட்ல உக்காந்த புள்ளைங்க நிறைய.

அடுத்து வயசு ஏறின புள்ளைங்க. 3ஆவதோட நின்னு போன பொண்ணு, இப்ப 11 முடிஞ்சிருச்சு, திரும்ப அனுப்பினா 4ஆவதுல சின்ன புள்ளைங்களோட உக்கார வெப்பாங்க, அதுக்கு வெக்கம், அதனால போக மாட்டேங்குதுன்னு அம்மாங்க சொல்லுவாங்க. அப்படி உக்கார வெக்கக்கூடாது. வயசுக்கு ஏத்த வகுப்புல சேர்க்கணும்னு 4ஆவது பிரிவு, அதாவது அவ வயசு பொண்ணுங்க 7ஆவது படிச்சா அவளும் 7ஆவதுதான். எழுத்து மறந்து போச்சேன்னா அதுக்கு தனியா சிறப்புப் பயிற்சி குடுக்கணும், குறைஞ்சது மூணு மாசம், தேவைப்பட்டா ரெண்டு வருஷம் வரைக்கும், அந்த நேரத்துல அவ அந்த வகுப்போட ஸ்டூடண்ட்டாத்தான் இருப்பா. பொம்பள புள்ளைங்களுக்கு தங்கிப் படிக்க கஸ்தூரிபா காந்தி பாலிகா வித்யாலயா ரெண்டு மாவட்டத்துலயும் இருக்கு, சாப்பாடு, துணி, தங்கற இடம் எல்லாம் அவங்களே. அப்பா அம்மா பெங்களூர்ல இருக்காங்க, இங்க பாட்டிக்கு முடியல, வீட்ல வயசுக்கு வந்த பொண்ண தனியா விட பயமா இருக்குன்னு சொல்றவங்க முதல்ல விசாரிக்க வேண்டிய இடம் இதுதான். மலைவாழ் மக்கள் புள்ளைங்களுக்கு பழங்குடியினர் நலத்துறையோட உண்டு உறைவிடப் பள்ளிங்களும் இருக்கு.

14 வயசு தாண்டிருச்சு, ஆனா இன்னும் 7ஆவதுதான்னா? சேர்ந்து படிச்சுகிட்டு இருக்கற புள்ளைக்கு 14 முடிஞ்சாலும் 8ஆவது முடிக்கற வரைக்கும் இலவசம்தான், வயசாயிடுச்சுன்னு வெளிய அனுப்ப முடியாது. 8ஆவது முடிக்கற வரைக்கும் எந்த காரணத்துக்கும் ஸ்கூல விட்டு நீக்கவும் கூடாது. ரொம்ப நாளா வரலன்னு பேர அடிச்சிட்டோம்னு சொன்னா ஏத்துக்காதீங்க, தொடர்ந்து லீவுல இருக்கற புள்ளைய தேடி வந்து கூட்டிட்டு போறதுதான் அவங்க வேலை. 5ஆவதுலயும் 8ஆவதுலயும் ஃபெயில் போடலாம்னு மத்திய அரசு 2019ல சட்டத்த மாத்துச்சு, போடறதும் போடாததும் மாநிலத்தோட விருப்பம்னு விட்டுச்சு, தமிழ்நாட்ல 8 வரைக்கும் ஃபெயில் கிடையாது.

தூரம். 1ல இருந்து 5 வரைக்கும் ஒரு கிலோமீட்டருக்குள்ள, 6ல இருந்து 8 வரைக்கும் மூணு கிலோமீட்டருக்குள்ள ஸ்கூல் இருக்கணும்னு விதி. பாலக்கோட்டுல டவுனுக்குள்ள உக்காந்து பாத்தா இது பெரிய விஷயமாவே தெரியாது. தளி, பெட்டமுகிலாளம், சித்தேரி, வத்தல்மலைன்னு போயி பாருங்க, காட்டு வழி, சாயந்தரம் ஆச்சுன்னா யானை நடமாட்டம், மழை பெஞ்சா ஓடை. ஸ்கூல் கட்ட முடியாத குக்கிராமத்துக்கு வண்டியும், கூட போயி விட்டுட்டு வர ஒரு ஆளும் ஏற்பாடு பண்ற வசதி அரசோட ஒருங்கிணைந்த பள்ளிக் கல்வித் திட்டத்துல இருக்கு, வருஷா வருஷம் புள்ளைங்க லிஸ்ட் எடுத்து அனுப்புவாங்க. நம்ம ஊரு அந்த லிஸ்ட்ல இருக்கான்னு ஹெட்மாஸ்டர்கிட்டயும் பள்ளி மேலாண்மைக் குழு கூட்டத்துலயும் கேளுங்க. அந்தக் குழுல முக்கால்வாசி பேரு பெத்தவங்கதான், பாதி பேரு பொம்பளைங்க, போயி கேக்கறதுக்கு யார்கிட்டயும் பர்மிஷன் வாங்க வேணாம்.

ஓசூர்ல வேற மாதிரி. கம்பெனி வேலைக்கு வந்த பீகார், ஒடிசா குடும்பங்களோட புள்ளைங்க நிறைய இருக்கு. அவங்களுக்கும் இதே உரிமைதான், தமிழ்நாட்டு ரேஷன் கார்டு இருக்கணும், சொந்த ஊரா இருக்கணும்னு எல்லாம் சட்டத்துல இல்ல. உங்க லைன் வீட்டுல வாடகைக்கு இருந்தா அவங்களுக்கும் இத எடுத்து சொல்லுங்க. ஓசூர், வேப்பனஹள்ளி பக்கம் தெலுங்கு, கன்னட மீடியம் அரசு ஸ்கூலும் இருக்கு, அங்க படிச்சாலும் 2006 சட்டப்படி தமிழ் ஒரு பாடமா படிக்கணும், அவ்ளோதான்.

நடக்க முடியாத, காது கேக்காத, புத்தி வளர்ச்சி மெதுவா இருக்கற புள்ளைங்கள வீட்லயே வெச்சிருக்கறவங்க இத கவனிங்க. 40 சதவீதமோ அதுக்கு மேலயோ ஊனம் இருக்கற புள்ளைங்களுக்கு 2016 சட்டப்படி 6ல இருந்து 18 வயசு வரைக்கும் இலவசப் படிப்பு உரிமை, நாலு வருஷம் கூட. ரொம்ப முடியாத புள்ளைக்கு வீட்டுக்கே வந்து சொல்லித் தர ஏற்பாடும் இருக்கு, வட்டார வள மையத்துல பேரு பதியணும்.

தனியார் ஸ்கூல்ல இதே சட்டப்படி இலவசமா ஒதுக்கற 25 சதவீத இடம் பத்தி எல்லாருக்கும் ஓரளவு தெரியும், எல்கேஜில சேரலாம், வருஷ வருமானம் 2 லட்சத்துக்குள்ள இருக்கணும் (எஸ்சி, எஸ்டி, பிசி, எம்பிசி மாதிரி பிரிவுக்கு இந்த வருமான வரம்பு இல்ல), ஒரு கிலோமீட்டருக்குள்ள வீடு இருக்கணும், ஆன்லைன்ல போடணும். புள்ளைக்கோ பெத்தவங்களுக்கோ டெஸ்ட், இன்டர்வியூ வெச்சா முதல் தடவைக்கு 25,000 ரூபா வரைக்கும் ஸ்கூலுக்கு ஃபைன் இருக்கு. ஆனா அந்த இலவசம் 8ஆவதோட முடியுது, 9ஆவதுல முழு ஃபீஸ். கட்ட முடியாதுன்னா அப்ப அரசு ஸ்கூலுக்கு மாத்திடுங்க, அப்படி 9ல இருந்து 12 வரைக்கும் அரசு ஸ்கூல்ல படிச்ச பொண்ணுக்கும் காலேஜ்ல புதுமைப் பெண் திட்டத்துல மாசம் 1,000 ரூபா கிடைக்கும்.

இனிதான் எனக்கு மனசு கிடந்து அடிச்சுக்கற விஷயம். சட்டம் 8ஆவதோட நின்னுடுது, நம்ம ரெண்டு மாவட்டத்துலயும் புள்ளைங்க நிக்கறதும் அங்கதான். பையன்னா ஓசூருக்கு, பெங்களூருக்கு வேலைக்கு, பொண்ணுன்னா மாமன் மகனுக்கு கல்யாணம். வேலைன்னா என்ன சட்டம்னு தெரிஞ்சுக்கங்க, 14 வயசுக்குள்ள எந்த வேலைக்கும் வெக்கக்கூடாது, வீட்டு நிலத்துல, சொந்த கடைல ஸ்கூல் விட்டு வந்து இல்ல லீவுல கூடமாட ஒத்தாசை பண்றது மட்டும் பரவால்ல. 14ல இருந்து 18 வரைக்கும் ஆபத்தான வேலைக்கு வெக்கக்கூடாது. மீறினா வேலைக்கு வெச்சவருக்கு ஆறு மாசத்துல இருந்து ரெண்டு வருஷம் ஜெயில் இல்ல 20,000ல இருந்து 50,000 வரைக்கும் ஃபைன், இல்லன்னா ரெண்டும் சேர்த்து. பெத்தவங்களுக்கு முதல் தடவை தண்டனை இல்ல, திரும்பவும் அனுப்பினா 10,000 வரைக்கும் ஃபைன் உண்டு. பொண்ணுக்கு 18, பையனுக்கு 21 முடியாம கல்யாணம் பண்ணி வெச்சா ரெண்டு வருஷம் வரைக்கும் ஜெயில், ஒரு லட்சம் வரைக்கும் ஃபைன், இதுல பெத்தவங்களும் மாட்டுவாங்க, நடத்தி வெச்சவங்களும் மாட்டுவாங்க. பக்கத்து வீட்ல இப்படி நடக்கப் போகுதுன்னு தெரிஞ்சா குழந்தைங்க உதவி எண் 1098க்கு போன் பண்ணுங்க, உங்க பேரு வெளிய வராது.

9ல இருந்து 12 வரைக்கும் கட்டாயம் இல்லன்னாலும் அரசு ஸ்கூல்ல புக்கு, பஸ் பாஸ், சைக்கிள் எல்லாம் கிடைக்குது. 6ல இருந்து 12 வரைக்கும் அரசு ஸ்கூல்ல படிச்ச பொண்ணுக்கு புதுமைப் பெண், பையனுக்கு தமிழ்ப் புதல்வன், காலேஜ் போனா மாசா மாசம் 1,000. மெடிக்கல் சீட்ல 7.5 சதவீதம் தனியா. இத வீட்ல சொல்லுங்க, 8ஆவதோட போதும்னு சொல்ற தாத்தாகிட்டயும் சொல்லுங்க.

ஸ்கூல்ல சேர்க்க மாட்டேன்னு சொன்னா வாயால சண்ட போட வேண்டாம். "என் புள்ளைய சேர்க்க கேட்டேன், இந்த காரணம் சொல்லி மறுத்தாங்க"ன்னு தேதி போட்டு ஒரு வெள்ளைத்தாள்ல எழுதி ஹெட்மாஸ்டர்கிட்ட குடுங்க, ஜெராக்ஸ்ல கையெழுத்தும் சீலும் வாங்கிக்கங்க. அப்படி எழுதிக் கேட்டாலே பாதி இடத்துல அன்னைக்கே சேர்த்துக்குவாங்க. அப்பவும் நடக்கலன்னா வட்டாரக் கல்வி அலுவலர், அதுக்கு மேல மாவட்டக் கல்வி அலுவலர், திங்கக்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர்க்கும் நாள்ல அந்த ஜெராக்ஸோட ஒரு மனு. எழுத தெரியலன்னா 14417க்கு போன் போட்டு சொன்னா போதும், அது பள்ளிக் கல்வித் துறையோட உதவி எண். உரிமை மறுத்தாங்கன்னு எழுத்துல குடுத்த புகாருக்கு மூணு மாசத்துக்குள்ள முடிவு சொல்லணும்னு சட்டத்துலயே இருக்கு, அதுவும் சரியா வரலன்னா சென்னைல குழந்தைகள் உரிமைப் பாதுகாப்பு ஆணையம் இருக்கு, அவங்களுக்கு தபால்லயே அனுப்பலாம், நேர்ல போக வேண்டியதில்ல.