பேக்கனுக்கும் பேக்கரிக்கும் சம்பந்தமில்லை

போன மாதம் பொள்ளாச்சிப் பக்கம் தோட்டத்தில் அக்கா மகன் அடுப்பு மூட்டிக்கொண்டிருந்தான். எலுமிச்சை அளவு உருளைக்கிழங்கை வேகவைத்துத் தோலோடு வைத்திருந்தான். சிவப்பும் வெள்ளையும் வரிவரியாக ஓடிய ஏதோ ஒரு கறியை அதன்மேல் நாடா மாதிரி சுற்றி, பல்குத்தும் குச்சியைக் குத்திக் கம்பித் தட்டில் அடுக்கினான். அக்கா எட்டிப் பார்த்து என்னடா இது என்றாள். "பேக்கன்ம்மா." "ஓ, பேக்கரில வாங்கினதா?"

அவளைக் குறை சொல்ல முடியாது. கோயமுத்தூர், திருப்பூர்க்காரர்களுக்கு பேக்கரி என்றால் டீக்கடை, அங்கே எதுவும் கிடைக்கும். ரொட்டி சுடும் 'பேக்' வேறு சொல், அதற்கும் பேக்கனுக்கும் உறவே இல்லை. அவன் என் பக்கம் திரும்பி, "மாமா, இதுக்குத் தமிழ்ல என்னங்க?" என்றான். பன்றிக்கறி என்று சொல்லிவிட்டேன். அக்கா நாற்காலியை நாலடி தள்ளிப் போட்டுக்கொண்டாள்.

வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது, நான் சொன்னது பதிலே இல்லை. கருவாடு என்றால் என்ன என்று கேட்டவனிடம் மீன் என்று சொன்ன கதைதான். பேக்கன் என்பது அந்த விலங்கின் பெயரோ அதன் கறியின் பெயரோ அல்ல, அந்தக் கறிக்குச் செய்த வேலையின் பெயர்.

பிறந்த கதை வேறு மாதிரி என்பதையும் சொல்லிவிடுகிறேன். முதுகைக் குறிக்கும் பழைய ஜெர்மானியச் சொல் ஒன்று பிரெஞ்சுக்குப் போய், அங்கிருந்து 14ஆம் நூற்றாண்டு வாக்கில் ஆங்கிலத்துக்குள் வந்தது. ஆங்கிலத்தில் முதுகுக்கு இன்றைக்கும் இருக்கிற 'பேக்' இதற்குப் பங்காளி. ஆக சொல்லின் ஆதி அர்த்தம் முதுகுக்கறி. தொடக்கத்தில் ஆங்கிலேயர்கள் பச்சைக்கறி, பதம் செய்த கறி என்று பார்க்காமல் எந்தப் பன்றிக்கறிக்கும் அதைச் சொல்லியிருக்கிறார்கள், உப்பிட்டதற்கு மட்டும் என்று சுருங்கியது அப்புறம்தான். பிரிட்டனில் இப்போதும் பெரும்பாலும் முதுகுப் பக்கத்துக் கறிதான். அமெரிக்காவில் பேக்கன் என்றால் வயிற்றுக்கறி, கொழுப்பும் சதையும் மாறிமாறி வரும் அந்த வரிக்கறி. அதாவது சொல் முதுகிலேயே நின்றுவிட்டது, கறி வயிற்றுக்கு இறங்கிவிட்டது.

செய்முறை என்று பார்த்தால் உப்புதான் எல்லாம். முழுப் பாளமாகக் கறியை எடுத்து உப்பை அழுத்தித் தேய்ப்பார்கள், அல்லது உப்புத் தண்ணீரில் ஊறப்போடுவார்கள். கூடக் கொஞ்சம் சர்க்கரை. அந்தக் காலத்தில் வெடியுப்பும் சேர்த்தார்கள், இப்போது அதன் இடத்தில் நைட்ரைட் உப்பு. வெந்த பிறகும் கறி வெளுக்காமல் இளஞ்சிவப்பாகவே இருப்பது அதனால்தான். உப்பு கறியில் உள்ள தண்ணீரை இழுத்துவிடும், தண்ணீர் போனால் அழுக வைக்கும் கிருமிக்குப் பிழைப்பு இல்லை. பல நாள் கழித்துப் பாளத்தை எடுத்துப் புகையில் காட்டி, மெல்லிசாகச் சீவினால் பேக்கன்.

இதைப் படிக்கிற கொங்குக்காரர் யாராவது, அட இது நம்ம உப்புக்கண்டமாச்சே என்று சொல்லியிருப்பீர்கள். நானும் அங்கேதான் வந்து நின்றேன். நோம்பிக்கு ஆடு வெட்டி மிஞ்சிய கறியைத் துண்டு போட்டு, உப்பும் மஞ்சளும் மிளகாய்த்தூளும் பிசறி, கோணி ஊசியில் நூல் கோத்து மாலையாகக் கட்டிக் கொடியில் காயப்போடுவார்கள். சாயங்காலம் எடுத்து உள்ளே வைத்து மறுநாள் மறுபடி வெயிலுக்கு. பக்கத்தில் ஒரு பிள்ளையைக் காக்காய் விரட்ட உட்கார வைப்பது வழக்கம். சின்ன வயதில் அந்த வேலை என்னுடையது, காக்காயை விடப் பூனைதான் கெட்டிக்காரத்தனமாக வரும். காய்ந்து கல்லு மாதிரி ஆனதும் பானையில் போட்டுவிட்டால் மாசக்கணக்கில் இருக்கும், வேண்டியபோது எடுத்து எண்ணெயில் பொரிக்கலாம், இல்லை தணலில் சுட்டு அம்மியில் தட்டிக்கொள்ளலாம்.

கண்டம் என்றால் துண்டு, கண்டதுண்டமாக வெட்டினான் என்கிறோமே அந்தக் கண்டம். வடமொழிக் கண்டத்திலிருந்து வந்தது. அதே சொல் சர்க்கரைக் கட்டியைக் குறித்துப் பாரசீகம், அரபு, பிரெஞ்சு என்று ஊர் சுற்றி ஆங்கிலத்தில் கேண்டி ஆனது. சரி, அது தனிக் கதை.

ஆனால் உப்புக்கண்டம் வெயிலில் காய்வது, பேக்கன் காய்வதில்லை, அதை வளைத்துச் சுற்றலாம், உப்புக்கண்டத்தை உருளைக்கிழங்கின் மேல் சுற்றப் பார்த்தால் கிழங்குதான் உடையும் என்று ஒருவர் கேட்கலாம். நியாயம்தான். அதனால் முதலில் புகைக்கண்டம் என்று ஒரு சொல் கட்டிப் பார்த்தேன். கேட்க நன்றாகத்தான் இருந்தது, ரெண்டு நாள் அதை வைத்துக்கொண்டு சந்தோஷமாகவும் இருந்தேன். அப்புறம் பார்த்தால் பிரிட்டனில் புகையே காட்டாத பேக்கனும் உண்டு, பச்சை பேக்கன் என்று அதற்குப் பெயரே இருக்கிறது. இத்தாலிக்காரர்களின் பான்செட்டாவும் வயிற்றுக்கறியை உப்பிட்டுப் பதம் செய்வதுதான், பெரும்பாலும் புகை கிடையாது. ஆக புகை இருக்கலாம், இல்லாமலும் போகலாம், உப்பு இல்லாமல் பேக்கன் இல்லை. திரும்பி வந்து உப்புக்கண்டம் என்ற சொல்லையே உற்றுப் பார்த்தேன். அதில் உப்பு இருக்கிறது, துண்டு இருக்கிறது. வெயில் எங்கே இருக்கிறது? சொல்லில் வெயிலே இல்லை, வெயிலை நாம்தான் உள்ளே வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். எனவே பன்றி உப்புக்கண்டம் என்பதில் எனக்கு ஒரு தயக்கமும் இல்லை. உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சி என்று நீட்டி முழக்குவதில் தப்பில்லைதான், ஆனால் அது விளக்கம், பெயர் அல்ல. அப்படிச் சொன்னால் ஹாமும் அதற்குள் வந்துவிடும். ஹாம் தொடையை முழுசாக உப்பிடுவது, அதைக் கண்டம் என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

கடையில் போய்க் கேட்கும்போது மட்டும் பேக்கன் என்றே கேளுங்கள். உப்புக்கண்டம் என்றால் ஆட்டுக்கறியைக் கொடுப்பார்கள்.

இனி அந்தக் கம்பித் தட்டு. கிரில் என்ற சொல்லை நம் ஊரில் ஏற்கெனவே ரெண்டு வேலைக்கு அனுப்பிவிட்டோம். ஒன்று வெல்டிங் பட்டறைக்காரர் செய்து தரும் ஜன்னல் கிரில், இன்னொன்று கண்ணாடிப் பெட்டிக்குள் கம்பியில் குத்திச் சுழலும் கிரில் சிக்கன், அதில் கம்பித் தட்டே கிடையாது என்பது வேறு விஷயம். ஜன்னலுக்கும் அடுப்புக்கும் ஒரே சொல் வந்தது தற்செயல் அல்ல. ரெண்டும் பிரெஞ்சு வழியாக லத்தீனின் கிராட்டிகுலாவுக்குப் போகின்றன, அது கிராட்டிஸ் என்பதன் சிறுமை வடிவம். கிராட்டிஸ் என்றால் குச்சியைப் பின்னிச் செய்த தடுப்பு, ஆட்டுப்பட்டிக்குச் சுற்றி நிறுத்துகிறோமே படல், சாட்சாத் அதேதான். கிராட்டிகுலா என்றால் குட்டிப் படல். பார்பிக்யூ இன்னும் அழகு. கரீபியத் தீவுகளில் இருந்த டைனோ மக்கள் குச்சி நட்டு உயரமாகக் கட்டிய மேடையை பார்பகோவா என்பதுபோல் சொல்லியிருக்கிறார்கள், ஸ்பானியர்கள் அதைத் தூக்கிக்கொண்டு போனார்கள். தமிழில் அதற்குப் பெயர் பரண். இங்கே மலையடிவாரத்துக் காட்டில் பரண் கட்டுவது காட்டுப்பன்றியை விரட்ட, அங்கே பரண் கட்டியது கறியைப் புகையில் வாட்ட. சமையல் பாத்திரத்துக்குச் சுடுபடல் என்று யாராவது சொன்னால் நான் கைதட்டுவேன், யாரும் சொல்லப்போவதில்லை, கம்பித் தட்டு போதும். செயலுக்குத்தான் நமக்குப் பஞ்சமே இல்லை: சுடு, வாட்டு. ஆட்டுத்தலையும் காலும் வாட்டித் தரும் ஊரில் கிரில் பண்ணு என்று சொல்ல என்ன அவசியம்.

உருளைக்கிழங்கு நாம் வடிவத்தைப் பார்த்து வைத்த பெயர், உருள்வதால் உருளை. பொட்டேட்டோ என்பது சர்க்கரைவள்ளிக்கு டைனோ மக்கள் வைத்த படாட்டா, ஸ்பானியர்கள் அதையும் தென்னமெரிக்காவில் உருளைக்கு வழங்கிய பாப்பா என்ற பெயரையும் குழப்பியதில் பெயர் கிழங்கு மாறி ஒட்டிக்கொண்டது. நம் பக்கத்துக்கு அது மலையிலிருந்து இறங்கியது. 1819இல் நீலகிரி ஏறிய கோயமுத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் உதகையில் ஐரோப்பியக் காய்கறிகளைப் பயிரிட்டவர், உருளையும் அதில் ஒன்று. இன்றைக்கும் ஊட்டிக் கிழங்கு மேட்டுப்பாளையம் மண்டிக்கு வந்துதான் ஊர் போகிறது. இந்த மாதிரிப் பண்டத்தை ஆங்கிலத்தில் அப்பிடைசர் என்பார்கள், அதைப் பசியூட்டி என்று மொழிபெயர்ப்பவர்கள் உண்டு, எனக்கு அது மருந்துக்கடை வாசனை அடிக்கிறது, சாப்பாட்டுக்கு முன்னால் கடிச்சுக்க என்றால் எல்லாருக்கும் புரியும்.

சுடுவதில் விஷயம் ரெண்டுதான். கறி வேகும் நேரத்துக்குள் பச்சைக் கிழங்கு வேகாது, அதனால் முக்கால் பதம் முன்னாலேயே வேகவைத்து ஆறவிட வேண்டும். அடுத்து கொழுப்பு. அது உருகித் தணலில் சொட்டினால் குப்பென்று தீ எழும்பும், மேலே கரியாகிவிடும் உள்ளே வழவழவென்று இருக்கும். தேங்காய்த் தொட்டிக் கரியை அடுப்பின் ஒரு பக்கமாக ஒதுக்கி, கிழங்கை மறுபக்கம் வைத்துத் திருப்பித் திருப்பி பதினைந்து இருபது நிமிஷம் வாட்டி, கடைசியில் மட்டும் தணலுக்கு நேராகக் காட்டினால் மொறுமொறுப்பாகும். குச்சியை அரைமணி நேரம் தண்ணீரில் ஊறப்போடவில்லை என்றால் அதுவும் சேர்ந்து எரியும். இதெல்லாம் மாப்பிள்ளைக்குத் தெரிந்திருந்தது. ஆனால் அன்றைக்கு முதல் தட்டை வாயில் வைக்க முடியவில்லை, ஒரே உப்பு. கிழங்கை உப்புப் போட்டு வேகவைத்து, சுற்றுவதற்கு முன்னால் மேலேயும் ஒரு கை தூவியிருக்கிறான்.

போன வாரம் அக்காவிடம் போனில் பேசும்போது, அன்னைக்கு நான் சொன்னது தப்பு, அது பன்றியில் போட்ட உப்புக்கண்டம் என்றேன்.

"அட, உப்புக்கண்டத்தைச் சுத்தறவன் கிழங்குக்கு எதுக்குடா உப்புப் போட்டான்?" என்றாள்.