புலனாய்வு: சொல்லும் அதன் எல்லையும்

காவல் நிலையத்தில் நடப்பதையும் விசாரணை என்கிறோம். சாட்சியைக் கூண்டில் ஏற்றி நீதிமன்றம் நடத்துவதையும் விசாரணை என்றே எழுதுகிறோம். இதனால், ‘விசாரணையில் தலையிட உயர் நீதிமன்றம் மறுப்பு’ என்ற செய்தியைப் படிப்பவர், நீதிமன்றம் தன் கடமையைக் கைவிட்டதாக எண்ணிவிட இடமுண்டு. அங்கே பேசப்படுவது புலனாய்வு.

புலனாய்வைக் குறிக்கும் இன்வெஸ்டிகேஷன் என்னும் ஆங்கிலச் சொல்லின் வேர், காலடித் தடத்தைக் குறிக்கும் ‘வெஸ்டீகியம்’ என்ற இலத்தீன் சொல். தடம் பற்றிச் செல்வதே அதன் மூலப்பொருள். விசாரணை என்பதோ ஆராய்ந்து எண்ணிப் பார்த்தலைச் சுட்டும் வடசொல்லின் வழி வந்தது. தமிழில் புலன் என்பது பொறிகளால் அறியப்படுவதையும் அறிவையும் குறிப்பதால், மறைந்து கிடப்பதைப் புலப்படுத்த ஆய்வதற்குப் புலனாய்வு என்பது பொருந்திய பெயர். வழக்குமன்றங்களில் பெருவழக்காக உள்ள ‘புலன் விசாரணை’யும் பிழையன்று. ஆனால் ‘துப்புத் துலக்குதல்’ போதாது. நிகழ்விடத்துக்குச் செல்வது, வாக்குமூலம் பதிவது, தடயங்களைக் கைப்பற்றுவது தொடங்கி இறுதி அறிக்கை வரை நீளும் பணி முழுவதையும் அது தழுவாது.

இந்த வேறுபாடு சட்டத்திலேயே உள்ளது. 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டமும், அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவும் புலனாய்வு என்பதைச் சான்று திரட்டும் நடவடிக்கையாக வரையறுக்கின்றன. அதைச் செய்பவர் காவல் அதிகாரியாகவோ நடுவர் (மாஜிஸ்திரேட்) அதிகாரமளித்த வேறொருவராகவோ இருக்கலாம், நடுவராக இருக்கலாகாது. பின்னாளில் தீர்ப்புச் சொல்லும் இடத்தில் இருப்பவர் சான்று திரட்டும் இடத்திலும் நின்றால், குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு நடுநிலையான செவி எங்கே கிடைக்கும்? நாசிர் அகமது வழக்கில் 1944-இல், அன்று இந்திய வழக்குகளுக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த பிரிவி கவுன்சில், நீதித்துறையின் பணியும் காவல் துறையின் பணியும் ஒன்றையொன்று நிறைவு செய்பவை, ஒன்றன் மேல் ஒன்று படர்பவை அல்ல என்று கூறியதன் அடிப்படையும் இதுவே.

ஆயினும் நீதிமன்றம் தலையிடுவதற்கான கதவு முழுதாக அடைக்கப்படவில்லை. முதல் தகவல் அறிக்கையில் கூறியவற்றை அப்படியே ஏற்றாலும் குற்றம் எதுவும் அமையாதபோது, சட்டத்தில் வெளிப்படையான தடை இருக்கும்போது, பழிவாங்கும் நோக்கில் வழக்குப் புனையப்பட்டது தெளிவாகும்போது அதை உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்று பஜன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகைப்படுத்தியது. பழைய சட்டத்தின் 482-ஆம் பிரிவை வைத்து வழக்கறிஞர்கள் நெடுங்காலம் ‘482 மனு’ என்று சொல்லிவந்த அந்த அதிகாரம் இப்போது புதிய சட்டத்தின் 528-ஆம் பிரிவில் உள்ளது. அதனை அரிதாகவே பயன்படுத்த வேண்டும். ரத்து கோரும் மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகவே, காரணம் எதுவும் கூறாமல் ‘கடும் நடவடிக்கை எடுக்கக் கூடாது’ என்று ஆணையிடலாகாது என 2021-இல் நிகாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்துச் சொன்னது. அது சரியான கண்டிப்பு என்றே கருதுகிறேன், ஏனெனில் முதல் சில வாரங்களில் அழிந்துபோகும் சான்றை எந்தத் தீர்ப்பாலும் மீட்க முடியாது.

இதன் மறுபக்கம் குறைவாகவே பேசப்படுகிறது. காவல் துறை வழக்கே பதியாமல் காலம் கடத்தும்போதும் நீதிமன்றம் தலையிட வேண்டியிருக்கிறது. முறையான புலனாய்வுக்கு நடுவர் ஆணையிடவும் அது முறையாக நடக்கிறதா என்று கண்காணிக்கவும் முடியும் என்பதை 2007-இல் சாகிரி வாசு வழக்கு உறுதி செய்தது. எளியவருக்கு உயர் நீதிமன்றத்தைவிட அருகில் இருப்பது இந்த வழிதான். ஆனால் இன்னாரைக் கைது செய், இன்னார் மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய் என்று நடுவர் பணிக்க முடியாது. காவல் துறையின் முடிவு ஏற்கத்தக்கதாக இல்லையெனில், மேலும் புலனாய்வு செய்யச் சொல்லலாம், அல்லது முன்னிருக்கும் சான்றைக் கொண்டு தாமே வழக்கைக் கோப்பில் எடுக்கலாம். உச்ச நீதிமன்றம் நேரடியாகக் கண்காணித்த வினீத் நாராயண் வழக்கிலும், தகுதியுள்ள நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கலானதும் கண்காணிப்பு முடிந்துவிடும் என்றே 1997-இல் வரையறுக்கப்பட்டது. அதன் பிறகு நடப்பதே விசாரணை.