மரவெட்டு அன்று, மரக்கட்டை அச்சு

சீன ஓவியர் சுன் ஷுன் 2011இல் உருவாக்கிய அசைவூட்டப் படம் ஒன்றைப் பற்றிய தமிழ்க் குறிப்பில் 'மரவெட்டுக் காட்சிகள்' என்ற தொடரை அண்மையில் மறுபடியும் கண்டேன். காட்டில் மரம் வெட்டுகிறார்களோ என்றுதான் படிப்பவர் எண்ணுவார். மரப்பலகையில் செதுக்கி, மை பூசித் தாளில் அச்சிட்டெடுக்கும் கலையைத்தான், ஆங்கிலத்தில் woodcut என்பதைத்தான், அத்தொடர் குறிக்கிறது.

சீனத்தில் இக்கலைக்கு மூகெ என்று பெயர். 'மூ' என்றால் மரம், 'கெ' என்றால் செதுக்குதல். பான்ஹுவா என்ற பொதுச்சொல் பலகையிலிருந்து அச்சிட்டெடுத்த ஓவியத்தைக் குறிக்கும். துன்ஹுவாங் குகையில் கிடைத்த, 868ஆம் ஆண்டின் வச்சிர சூத்திரம் என்ற பௌத்த நூல் இம்முறையில் அச்சானதே.

'மரவெட்டு' என்பவர்கள் கல்வெட்டைச் சான்று காட்டுகிறார்கள். ஆனால், கல்வெட்டில் நாம் படிப்பது கல்லையே. வெட்டிய இடமே எழுத்து. இங்கோ வெட்டிய இடம் வெள்ளையாகப் போய்விடுகிறது, வெட்டாமல் விட்ட மேடுதான் மை ஏற்கிறது, அந்த மேட்டின்மேல் தாளை விரித்து முதுகில் தேய்த்து எடுக்கும்போது இடவலம் மாறி விழும் படமே கலைப்படைப்பு. ஆகவே ஒப்பிட வேண்டுமானால் கல்வெட்டிலிருந்து எடுக்கும் மைப்படியோடு ஒப்பிடலாமே தவிர, கல்வெட்டோடு அன்று. 'மரச்செதுக்கு' மூகெக்கு நேர்ச்சொல்தான். எனினும் தமிழில் அது தேர்ச் சிற்பத்தையும் கதவு வேலைப்பாட்டையுமே நினைவூட்டும். துணிக்கு அச்சிடுவோர் அச்சுக்கட்டை என்று சொல்லிவரும்போது, woodcut என்ற ஆங்கிலச் சொல்லை இரண்டாகப் பிளந்து ஒட்டவைக்கும் மொழிபெயர்ப்பாளர்கள் அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்காதது எனக்கு உண்மையிலேயே வருத்தம் தருகிறது.

அச்சு என்ற சொல்லை விட்டுவிட்டால் இக்கலையின் அரசியலும் போய்விடும். புரட்சிக் காலத்தில் மிகப் பரவலாகப் பயன்படுவது பான்ஹுவா, எவ்வளவு அவசரத்திலும் நொடியில் செய்துவிடலாம் என்று 1930இல் எழுதிய சீன எழுத்தாளர் லூ ஷுன், மறு ஆண்டு ஆகஸ்டில் ஷாங்காயில் இளைஞர்களுக்குப் பயிற்சி வகுப்பு ஏற்பாடு செய்தார். வரைபவர், செதுக்குபவர், அச்சிடுபவர் என்று பிரிந்து கிடந்த பழைய தொழிலை ஓவியர் ஒருவரே தம் கையால் செய்வது லூ ஷுன் வளர்த்த புதிய முறை. ஹாங்சோ கலைக்கழகத்தில் பான்ஹுவா பயின்ற சுன் ஷுன் அந்த வழியில் வருபவர். பள்ளிப் பாடநூல் சொன்ன வரலாறும் வீட்டில் கேட்ட வரலாறும் ஒன்றாக இல்லாததே அவருடைய படங்களின் ஊற்று. அச்சிட்டுப் பரப்பிய நினைவை அச்சுக்கட்டையைக் கொண்டே கேள்வி கேட்கும் அந்தப் படத்துக்கு மரக்கட்டை அச்சு அசைவூட்டம் என்றே எழுத வேண்டும்.